கடைக்குப் பூட்டு விழும் முன்பும் பின்பும்

வாசகர் கேள்விகள், சட்டப் பதில்கள்

தொழில் உரிமம், மூடல் நோட்டீஸ், சீல். இந்த இதழுக்கு வேலூர், குடியாத்தம், பேர்ணாம்பட்டுப் பக்கத்திலிருந்து வந்த கடிதங்களில் பெரும்பாலானவை இந்த மூன்றையும் சுற்றியே இருந்தன. பதிலுக்குப் போகுமுன் ஒன்று. 2008-ல் வேலூர் மாநகராட்சி ஆனபோது அதற்கென்று தனிச் சட்டம் போட்டார்கள்; நகராட்சிகளுக்கு 1920-ம் வருஷச் சட்டம் இருந்தது. 13.4.2023 முதல் இரண்டும் போய், தமிழ்நாடு நகர்ப்புற உள்ளாட்சி அமைப்புகள் சட்டம் 1998-ம் அதன் 2023 விதிகளும்தான் மாநகராட்சி, நகராட்சி, பேரூராட்சி எல்லாவற்றுக்கும். கிராம ஊராட்சிக்கு 1994-ம் ஆண்டு ஊராட்சிகள் சட்டம் தனி. உங்கள் கடை எந்த எல்லையில் இருக்கிறது என்பதை முதலில் சொத்து வரி ரசீதில் பாருங்கள்.

கேள்வி: சத்துவாச்சாரியில் ஆறு வருஷமாக மெஸ் நடத்துகிறேன். சொத்து வரி, தொழில் வரி, ஜிஎஸ்டி எல்லாம் கட்டுகிறேன். உணவுப் பாதுகாப்பு உரிமமும் உண்டு. போன வாரம், ‘தொழில் உரிமம் இல்லை, 3 நாட்களுக்குள் மூடவும்’ என்று நோட்டீஸ் வந்தது. வரியை வாங்கிக்கொண்டே மூடச் சொல்ல முடியுமா?

பதில்: முடியும். தொழில் வரி என்பது உங்கள் வருமானத்தின் பேரில் அரையாண்டுக்கு ஒருமுறை வாங்குவது. தொழில் உரிமம் என்பது இந்தக் கதவிலக்கத்தில் இந்தத் தொழிலை நடத்தலாம் என்ற அனுமதி. பெயர் ஒட்டி வருவதால் ஒன்றைக் கட்டியவர்கள் மற்றதும் முடிந்தது என்று நினைத்துக்கொள்கிறார்கள். உணவுப் பாதுகாப்பு உரிமம் 2006-ம் ஆண்டு மத்தியச் சட்டத்தின் கீழ் வருவது. உத்யம் சான்றிதழ் (சிறு தொழில் பதிவு) இன்னொரு கணக்கு. இவற்றில் எதுவும் மாநகராட்சி உரிமத்துக்கு ஈடாகாது. வரி வாங்கியதால் அனுமதித்ததாக ஆகாது என்பதை நீதிமன்றங்கள் பலமுறை சொல்லிவிட்டன.

ஆனால் ‘3 நாளில் மூடு’ என்பது வேறு சங்கதி. அந்தக் காகிதத்தை மேசைமேல் விரித்து வைத்து, அது நோட்டீஸா உத்தரவா என்று பாருங்கள். ‘ஏன் மூடக்கூடாது என விளக்கம் தரவும்’ என்று இருந்தால் அது நோட்டீஸ். விளக்கம் தரும்வரை மூட வேண்டியதில்லை. ‘மூட உத்தரவிடப்படுகிறது’ என்று இருந்து, அதற்கு முன் எதுவும் வரவில்லை என்றால், உங்களைக் கேட்காமல் போட்ட உத்தரவு என்ற வாதம் உங்கள் கையில் இருக்கிறது.

அடுத்து கையெழுத்து. சுகாதார ஆய்வாளர் வந்து பார்க்கலாம், அறிக்கை எழுதலாம். மூடும் உத்தரவு ஆணையர் பெயரிலோ அவர் எழுத்துமூலம் அதிகாரம் கொடுத்தவர் பெயரிலோ வர வேண்டும். வேலூரில் 60 வார்டு, 4 மண்டலம். கையெழுத்துப் போட்டவர் உங்கள் மண்டலத்துக்காரர்தானா என்பதையும் பாருங்கள்.

பழைய அச்சுப் படிவத்தில் 1920 சட்டத்தின் பிரிவு எண் இருந்தால் ஜெயித்துவிட்டோம் என்று துள்ள வேண்டாம். அதிகாரம் புதிய சட்டத்தில் இருக்குமானால், பிரிவு எண் தப்பாக எழுதியது ஒன்றே உத்தரவைச் சாய்க்காது. காரணத்தைத் தேடுங்கள். ‘சுகாதாரக் கேடு’ என்று இரண்டு சொல் மட்டும் இருக்கிறதா, அல்லது கழிவுநீர் தெரு வாய்க்காலில் விடப்படுகிறது, புகைபோக்கி இல்லை என்று விவரம் இருக்கிறதா? உத்தரவு, அதில் எழுதியிருக்கும் காரணத்தை வைத்துத்தான் நிற்க வேண்டும், பிறகு பதில் மனுவில் புதுக் காரணம் சேர்த்து முட்டுக்கொடுக்க முடியாது என்று உச்ச நீதிமன்றம் மொகிந்தர் சிங் கில் வழக்கில் 1977-லேயே சொல்லியிருக்கிறது. இரண்டு சொல் காரணம் உங்களுக்கு நல்லது.

அப்புறம் தேதி. நோட்டீஸில் போட்ட தேதி ஒன்று, உங்கள் கைக்கு வந்த தேதி வேறொன்று. 3 நாள் என்பது கைக்கு வந்த நாளிலிருந்து ஓடுவது. வாங்கும்போது கையெழுத்துக்குக் கீழே தேதியும் நேரமும் போடுங்கள். வாங்க மறுத்துவிட்டால் ஒட்டிவிட்டுப் போவார்கள், அதுவும் சார்வு செய்ததாகவே (முறைப்படி உங்களிடம் சேர்த்ததாகவே) கணக்கு.

இனி செய்ய வேண்டியது இரண்டு, ஒரே நாளில். ஒன்று, உரிமத்துக்கு இணையத்தில் விண்ணப்பித்து ஒப்புகை எண்ணை அச்செடுப்பது. இரண்டு, பதில் கடிதம். கடிதம் இப்படி இருந்தால் போதும்:

‘பெறுநர்: ஆணையர், வேலூர் மாநகராட்சி. பார்வை: தங்கள் அறிவிப்பு எண் ____, நாள் ____, எனக்குச் சார்வு ஆன நாள் ____, நேரம் ____. மேற்படி அறிவிப்பில் கண்ட கதவிலக்கத்தில் உணவகம் நடத்தி வருகிறேன். உணவுப் பாதுகாப்பு உரிமம், சொத்து வரி ரசீது, வாடகை ஒப்பந்தம் இணைப்பில் உள்ளன. தொழில் உரிமத்துக்கு ____ நாளில் விண்ணப்பித்துள்ளேன். ஒப்புகை எண் ____. அறிவிப்புக்கு அடிப்படையான ஆய்வு அறிக்கையின் நகல் எனக்குத் தரப்படவில்லை. நகல் தந்து, குறை இருப்பின் சரிசெய்ய 15 நாள் அவகாசமும், நேரில் விளக்க ஒரு வாய்ப்பும் தருமாறு கேட்டுக்கொள்கிறேன். அதுவரை மேல் நடவடிக்கை வேண்டாம் எனக் கோருகிறேன்.’

மாநகராட்சித் தபால் பிரிவில் ஒன்றைக் கொடுத்து நகலில் சீல் வாங்குங்கள். இன்னொன்றை ஒப்புகையுடன் ஸ்பீட் போஸ்டில் அனுப்புங்கள். நேரில் பார்த்துச் சொல்லிவிட்டேன், சரி என்றார் என்பதற்கு எந்த மன்றத்திலும் மதிப்பில்லை.

கடிதத்தில் எழுதக் கூடாத வரி ஒன்று உண்டு: ‘பக்கத்துக் கடைக்கும்தான் உரிமம் இல்லை.’ நமக்கு வரும் கடிதங்களில் பாதியில் இது இருக்கிறது. இன்னொருவர் செய்யும் தப்பைக் காட்டிச் சமத்துவம் கேட்க முடியாது. உங்களுக்கு உரிமம் இல்லை என்று நீங்களே கைப்பட ஒப்புக்கொண்டதுதான் மிச்சம்.

விண்ணப்பம் எங்கே மாட்டிக்கொள்ளும் என்றும் சொல்லிவிடுகிறோம். வாடகை ஒப்பந்தத்தில் பழைய கதவிலக்கம், சொத்து வரியில் புதிய கதவிலக்கம் என்று இருப்பது முதல் சிக்கல். இரண்டாவது, கட்டடம் குடியிருப்பு என்றே வரி விதிக்கப்பட்டிருப்பது. இதை வீட்டுக்காரர் விண்ணப்பித்து வணிக உபயோகமாக மாற்ற வேண்டும். அப்போதே மின் இணைப்பையும் பாருங்கள். வீட்டு இணைப்பில் கடை நடத்தினால், 2003-ம் ஆண்டு மின்சாரச் சட்டத்தின் 126-ம் பிரிவில் உரிய கட்டணத்தைப் போல இரண்டு மடங்கு கணக்குப் போட்டு அனுப்புவார்கள். மூன்றாவது, தொழில் வகை. டீக்கடை என்று குறித்துவிட்டு உள்ளே மூன்று அடுப்பில் சமையல் நடந்தால், அடுத்த ஆய்வில் உரிமம் இருந்தும் உரிமம் இல்லாத கதைதான்.

கேள்வி: நோட்டீஸ் எதையும் பார்க்கவில்லை. திடீரென்று வந்து சீல் வைத்துவிட்டார்கள். ஸ்வீட் கடை. உள்ளே பால், கோவா, ஃப்ரிட்ஜ் எல்லாம் இருக்கிறது. பின்கதவைத் திறந்து எடுத்துவிடலாமா? (குடியாத்தம்)

பதில்: கூடாது. சீல் என்பது அரக்கும் துணியும்தானே என்று நினைப்பார்கள். அதைத் தொட்டால் உரிம வழக்கு குற்ற வழக்காக மாறிவிடும். வைத்தது உணவுப் பாதுகாப்புத் துறையாக இருந்தால், கைப்பற்றியதை அனுமதியில்லாமல் எடுப்பதற்கு அந்தச் சட்டத்தின் 60-வது பிரிவில் 6 மாதம் வரை சிறையும் 2 லட்சம் வரை அபராதமும் இருக்கிறது. பின்கதவும் கதவுதான்.

சீல் வைத்தது யார்? முதலில் இது தெரிய வேண்டும். நகராட்சியா, உணவுப் பாதுகாப்பு அலுவலரா, நகர ஊரமைப்பா, வருவாய்த் துறையா என்பதைப் பொறுத்து வழி மாறும். ஒட்டிய காகிதத்தைப் பல கோணத்தில் படம் எடுங்கள். மகஜர் (சாட்சிகள் முன் எழுதும் விவரப் பதிவு) எழுதினார்களா, அதில் உள்ளே இருந்த பொருள் பட்டியல் இருக்கிறதா, சாட்சிக் கையெழுத்து யாருடையது என்று கேட்டு நகல் வாங்குங்கள். அன்றைக்கே ஒரு மனு: ‘உள்ளே கெடும் பொருள் இன்னின்ன, இத்தனை கிலோ இருக்கிறது, அலுவலர் முன்னிலையில் 1 மணி நேரம் திறந்து அப்புறப்படுத்தவும் ஃப்ரிட்ஜ் இணைப்பைப் பார்க்கவும் அனுமதி தேவை.’ அளவை எழுதுங்கள். 40 லிட்டர் பால் என்று எழுதினால்தான் அவசரம் புரியும். இந்த மனுவுக்குப் பதில் வராமல் போனால் அதுவே நீதிமன்றத்தில் உங்களுக்கு உதவும்.

உணவுப் பாதுகாப்புத் துறை வழக்கமாகப் போக வேண்டிய வழி வேறு. 32-ம் பிரிவின்படி முதலில் முன்னேற்ற அறிவிப்பு. குறை என்ன, என்ன செய்ய வேண்டும் என்று எழுதி, குறைந்தது 14 நாள் தர வேண்டும். அதன் பிறகும் சரிசெய்யாவிட்டால்தான் இடைநிறுத்தம், பிறகு ரத்து. இதற்கு மேல்முறையீடு உணவுப் பாதுகாப்பு ஆணையரிடம், 15 நாளுக்குள். உடனே ஆபத்து என்றால் 34-ம் பிரிவில் அவசரத் தடை போட வழி இருக்கிறது. ஆகவே உங்களுக்கு வந்தது எந்தப் பிரிவு என்பதில்தான் எல்லாம் இருக்கிறது.

உயர் நீதிமன்றம் போவதானால் வேலூருக்குச் சென்னைதான். அரசியல் சட்டம் 226-ன் கீழ் ரிட் மனு. ‘மேல்முறையீடு இருக்கும்போது இங்கே ஏன் வந்தாய்’ என்று கேட்பார்கள். உங்களைக் கேட்காமலே போட்ட உத்தரவு, அதிகாரம் இல்லாதவர் போட்ட உத்தரவு என்றால் அந்தத் தடை நிற்காது என்று 1998-ல் வேர்ல்பூல் வழக்கில் உச்ச நீதிமன்றம் வரையறுத்திருக்கிறது. ஒன்றை மட்டும் எதிர்பார்க்காதீர்கள்: உரிமத்துக்கு விண்ணப்பமே போடாதவருக்கு ‘கடையைத் திறந்து விடு’ என்று நீதிமன்றம் சொல்லாது. பெரும்பாலும் கிடைப்பது ‘மனுதாரரைக் கேட்டு, இத்தனை வாரத்துக்குள் முடிவெடு’ என்ற உத்தரவுதான். விண்ணப்பத்தின் ஒப்புகை எண் கையில் இருந்தால் அதுவே பெரிய உதவி.

சிலர் உள்ளூரில் சிவில் வழக்குப் போட்டு உறுத்துக்கட்டளை (தடை உத்தரவு) வாங்கிவிடலாம் என்று ஆலோசனை சொல்வார்கள். அதே அளவு பலன் தரும் வேறு பரிகாரம் இருந்தால் உறுத்துக்கட்டளை தர முடியாது என்று குறிப்பிட்ட துயர்தீர்ப்புச் சட்டத்தின் 41(எச்) சொல்கிறது. அங்கே இரண்டு மாதம் போனபின் சென்னைக்குப் போனால், ‘இத்தனை நாள் என்ன செய்தாய்’ என்ற கேள்வி வேறு வரும்.

கேள்வி: லாங் பஜாரில் முதல் மாடியில் குடோன் வாடகைக்கு எடுத்திருக்கிறேன். வீட்டுக்காரர் வரைபட அனுமதியை மீறிக் கட்டியிருக்கிறாராம். மாடிக்கு சீல் வைத்துவிட்டார்கள். தப்பு அவருடையது, சரக்கு என்னுடையது.

பதில்: இது உரிமப் பிரச்சினையே இல்லை. 1971-ம் ஆண்டு நகர ஊரமைப்புச் சட்டத்தின் 56, 57 பிரிவுகள் சம்பந்தப்பட்டது. உரிமம் புதுப்பித்தாலும் இந்த சீலை எடுக்க மாட்டார்கள். பூட்டி சீல் வைத்த உத்தரவுக்கு எதிராக 80-ஏ பிரிவில் அரசிடம், அதாவது வீட்டுவசதி மற்றும் நகர்ப்புற வளர்ச்சித் துறைச் செயலாளரிடம், மனு போடுவது வீட்டுக்காரர் வேலை. அதில் ‘குடியிருப்பவர்’ என்று நீங்களும் சேர்ந்துகொள்ளலாம். சரக்கை மட்டும் எடுக்கத் தனியாக மனு கொடுங்கள். கட்டடம் பற்றி ஒரு வார்த்தை பேசாமல் பில், இருப்புப் பதிவேடு, ஜிஎஸ்டி கணக்கு மூன்றையும் இணைத்துக் கொடுத்தால் இது தனியாக முடிவாகும். கட்டடத்துக்காக நீங்களும் வாதாடத் தொடங்கினால் இரண்டும் ஒன்றாகத் தேங்கும். வாடகை நிறுத்தம், முன்பணம் திரும்பக் கேட்பது எல்லாம் வாடகை ஒப்பந்தத்தின்படி.

கேள்வி: வீட்டுக்காரர் கடையைக் காலி செய்யச் சொல்கிறார். நான் போகவில்லை. உரிமம் புதுப்பிக்க சம்மதக் கடிதம் தர மாட்டேன் என்கிறார். (காட்பாடி)

பதில்: உரிமம் கொடுப்பவர் வாடகைச் சண்டையைத் தீர்க்கும் அதிகாரி அல்ல. நீங்கள் சட்டப்படி குடியிருக்கிறீர்கள் என்பதற்கு ஆதாரம் காட்டுவதே உங்கள் பொறுப்பு: 2017-ம் ஆண்டு வாடகைச் சட்டத்தின்படி பதிவு செய்த ஒப்பந்தம், வங்கி வழி வாடகை செலுத்திய பதிவு, வழக்கு இருந்தால் அதன் எண், முந்தைய ஆண்டு உரிமம். புதுப்பித்தலில் முந்தைய ஆண்டு உரிமத்துக்கு நல்ல கனம் உண்டு. வாடகையைக் கையில் வாங்க மறுத்தால் அதை அனுப்பி வைத்த சான்றை வையுங்கள். வெறும் வாய்மொழி வாடகை என்றால் உங்கள் பக்கம் பலவீனம்தான், அதை மறைக்க முடியாது. காலியாக்கும் உத்தரவு ஏற்கெனவே வந்துவிட்டிருந்தால் உரிமத்தை வைத்து அதை நிறுத்த முடியாது.

கேள்வி: கோட்டைப் பக்கம் தள்ளுவண்டியில் பழம் விற்கிறேன். வண்டியோடு தூக்கிக்கொண்டு போய்விட்டார்கள். பழம் அழுகிப் போச்சு. தராசு, வண்டி இன்னும் வரவில்லை.

பதில்: உங்களுக்குத் தொழில் உரிமச் சட்டம் பேசாது; 2014-ம் ஆண்டு தெரு வியாபாரிகள் பாதுகாப்புச் சட்டம் பேசும். கணக்கெடுப்பு முடிந்து சான்றிதழ் தரும்வரை யாரையும் அப்புறப்படுத்தக் கூடாது என்கிறது 3-ம் பிரிவு. இடம் மாற்றவோ வெளியேற்றவோ 30 நாள் நோட்டீஸ் வேண்டும் என்கிறது 18. பொருளை எடுத்தால் பட்டியல் தர வேண்டும். கெடாத பொருளை நீங்கள் கேட்ட 2 வேலை நாளிலும், கெடும் பொருளைக் கேட்ட அன்றைக்கேயும் திருப்ப வேண்டும் என்கிறது 19.

‘கேட்ட’ என்ற சொல்லைக் கவனியுங்கள். எழுத்தில் கேட்காவிட்டால் அந்த 2 நாள் ஓடவே ஓடாது. இன்றைக்கே ஒரு தாளில் வண்டி, தராசு, எடைக்கல் எத்தனை, பெட்டி எத்தனை, எந்தப் பழம் எத்தனை கிலோ என்று எழுதி, ஆணையர் பெயருக்குத் தபால் பிரிவில் கொடுத்து சீல் வாங்குங்கள். தகராறு தொடர்ந்தால் 20-ம் பிரிவின் குறைதீர்க் குழு, முன்னாள் சிவில் நீதிபதியோ நீதித்துறை நடுவரோ தலைமை வகிப்பது. தெரு வியாபாரத்தை ஒழுங்குபடுத்தும் நகர விற்பனைக் குழுவில் 40 சதவீதம் இடம் வியாபாரிகளுக்கு. அங்கே உங்கள் பக்கத்து ஆள் யார் என்று தெரிந்து வையுங்கள். சான்றிதழோ அடையாள அட்டையோ வைத்திருந்தால் அதன் நகலை வண்டியிலும் வீட்டிலும் ஒவ்வொன்று. வண்டியோடு அட்டையும் போய்விட்டால் நீங்கள் யார் என்று நிரூபிப்பதே முதல் வேலையாகிவிடும்.

கேள்வி: பேர்ணாம்பட்டில் சிறிய தோல் பதனிடும் யூனிட். மாசுக் கட்டுப்பாட்டு வாரியம் மூடச் சொல்லி, மின் இணைப்பையும் துண்டிக்கச் சொல்லிவிட்டது. நகராட்சி உரிமம் எங்களிடம் இருக்கிறதே?

பதில்: நகராட்சி உரிமம் இங்கே கேடயம் ஆகாது. வாரியம் நீர்ச் சட்டம் 33-ஏ, காற்றுச் சட்டம் 31-ஏ பிரிவுகளில் மூடவும், மின்சாரம், தண்ணீர் நிறுத்தவும் உத்தரவிடலாம். இந்த மாவட்டத்துத் தோல் தொழிற்சாலைகள் தொடர்பாக 28.8.1996-ல் உச்ச நீதிமன்றம் தந்த வேலூர் குடிமக்கள் நல மன்றம் வழக்கின் தீர்ப்புதான் ‘மாசுபடுத்தியவர் ஈடு கட்ட வேண்டும்’ என்பதையும், முன்னெச்சரிக்கைக் கொள்கையையும் நாட்டுச் சட்டத்தில் உறுதியாக ஊன்றியது. அதனால் பாலாற்றங்கரை யூனிட் ஒன்றுக்கு இதில் அனுதாபம் குறைவாகவே கிடைக்கும்.

உங்களுக்கு உள்ள வாதம் முறை பற்றியது. சாதாரணமாக உத்தரவு போடுமுன் 15 நாள் அவகாசத்துடன் ஆட்சேபணை கேட்க வேண்டும். அவசரம் என்று அதைத் தவிர்த்தால் காரணத்தை எழுத்தில் பதிய வேண்டும். அது உத்தரவில் இருக்கிறதா பாருங்கள். 33-ஏ உத்தரவுக்கு மேல்முறையீடு தேசிய பசுமைத் தீர்ப்பாயத்தின் சென்னை அமர்வில், 30 நாளுக்குள். தகுந்த காரணம் காட்டினால் மேலும் 60 நாள் வரை ஏற்பார்கள். அதற்கு மேல் ஒரு நாள் போனாலும் கதவு மூடிவிடும். இசைவாணை (வாரியம் தரும் அனுமதி) புதுப்பிக்கவில்லை என்பதற்காகப் போட்ட நீர்ச் சட்டம் 25, 27 உத்தரவு என்றால் வழி வேறு. 28-ம் பிரிவு மேல்முறையீட்டு ஆணையத்துக்குப் போக வேண்டும். இரண்டையும் குழப்பி 30 நாளைத் தொலைப்பவர்கள் நிறையப் பேர்.

மின்சாரத்தைத் திரும்பப் பெற மின்வாரிய அலுவலகத்தில் நிற்பதில் பயனில்லை. அவர்கள் உத்தரவை நிறைவேற்றுகிறவர்கள் மட்டுமே. பழுதைச் சரிசெய்த புகைப்படம், பொதுச் சுத்திகரிப்பு நிலையத்தில் கழிவுநீர் கொடுத்ததற்கான பதிவு, ஓட்டமானி அளவு, ஆய்வகச் சோதனை முடிவு எல்லாவற்றோடும் மாவட்டச் சுற்றுச்சூழல் பொறியாளரிடம் மறு ஆய்வு கேட்டு மனு கொடுங்கள். அவரது அறிக்கை வாரியத்துக்குப் போனால்தான் மூடல் உத்தரவு விலகும்.

கேள்வி: எங்கள் மாவு மில் சத்தம் என்று பக்கத்து வீட்டார் கோட்டாட்சியரிடம் மனுக் கொடுத்திருக்கிறார்கள். மில்லை மூடிவிடுவார்களா? (குடியாத்தம்)

பதில்: உடனே மூட முடியாது. பி.என்.எஸ்.எஸ். என்ற புதிய குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 152-ம் பிரிவின்படி (பழைய சட்டத்தில் 133) முதலில் வருவது நிபந்தனை உத்தரவு: சத்தத்தை நிறுத்து அல்லது வந்து காரணம் சொல். அந்தத் தேதியில் போகாமல் இருந்தால் அது உறுதியாகிவிடும்; போய் ஆட்சேபித்தால் சாட்சி விசாரணை நடந்தாக வேண்டும். குடியிருப்புப் பகுதியில் பகலில் 55, இரவில் 45 டெசிபல் வரம்பு. இரவு என்றால் 10 மணி முதல் காலை 6 மணி வரை. மோட்டாருக்குக் கீழே ரப்பர் மெத்தை, பக்கத்து வீட்டுச் சுவரைத் தொடாமல் அடித்தளம், காலை 6-க்கு முன் ஓட்டுவதில்லை என்ற எழுத்து உறுதி. இவை மூன்றும் முடித்து அளவெடுத்துக் கொண்டு போனால் வழக்கு பெரும்பாலும் அங்கேயே தணிந்துவிடும்.

கேள்வி: மளிகைக் கடை. பிளாஸ்டிக் கவருக்கு இரண்டு முறை அபராதம் கட்டிவிட்டேன். இனி என்ன ஆகும்?

பதில்: 1.1.2019 முதல் தமிழ்நாட்டில் ஒருமுறை பயன்படுத்தும் பிளாஸ்டிக்குத் தடை. மளிகைக் கடை போன்றவற்றுக்கு 1,000, 2,000, 5,000 என்று ஏறும். அதற்கு மேல் போனால் உரிமமே ரத்து. மூன்றாவது ரசீது வாங்காதீர்கள். முந்தைய இரண்டு ரசீதிலும் எந்தப் பொருள் என்று எழுதியிருக்கிறார்களா பாருங்கள். 

கேள்வி: ஆய்வு அறிக்கை கேட்டால் தர மறுக்கிறார்கள்.

பதில்: தகவல் உரிமைச் சட்டத்தில் 10 ரூபாய் கட்டணத்துடன் கேளுங்கள், 30 நாளில் தர வேண்டும். ‘எல்லா ஆவணமும்’ என்று கேட்டால் எதுவும் வராது. ‘இந்தக் கதவிலக்கத்தில் இந்தத் தேதியில் நடந்த ஆய்வின் அறிக்கை, ஆய்வு செய்தவர் பதவி, மூடல் உத்தரவுக்கான குறிப்புக் கோப்பு’ என்று மூன்றைக் கேளுங்கள்.

கேள்வி: உரிமம் அப்பா பெயரில். அப்பா இறந்து எட்டு மாதம் ஆகிறது.

பதில்: உரிமம் ஆளுக்குக் கொடுத்தது, வாரிசுக்குத் தானாக வராது. இறப்புச் சான்று, வாரிசுச் சான்று, மற்ற வாரிசுகளின் ஆட்சேபணையின்மைக் கடிதத்தோடு உங்கள் பெயரில் புதிதாக விண்ணப்பியுங்கள். அப்பா பெயரில் கையெழுத்துப் போட்டுப் புதுப்பித்திருந்தால் அதை வெளியே காட்டாமல் முதலில் வழக்கறிஞரைப் பாருங்கள்.